பதினாறாவது பட்டன்

டெபோராவுக்கு அன்று காலை கண் விழிக்கும்போதே அலுப்பாக இருந்தது. தூங்கி எழுந்த அலுப்பு இல்லை, ஆறு வருஷமாகச் சேர்ந்த அலுப்பு. ராயபுரத்தில் இரண்டாவது மாடி வீடு. ஆறு மணிக்குத் தண்ணீர் வரும், ஆறரைக்கு நின்றுவிடும். அதற்குள் எட்டுக் குடம் ஏற்ற வேண்டும். எல்லாவற்றையும் இடது கையால். குடம் இடது கை, காய் நறுக்க இடது கை, தலை வார இடது கை. எட்டரைக்கு நர்சரிப் பள்ளி வாசலில் நின்று, வேனிலிருந்து இறங்கும் பிள்ளைகளைப் பிடித்து இறக்குவதும் இடது கைதான். அப்போ வலது கைக்கு என்ன வந்தது என்று கேட்பீர்கள். சொல்கிறேன். அவளே அதை அவசரப்பட்டுப் பேசுகிறவள் இல்லை, நாம் மட்டும் எதற்கு அவசரப்பட வேண்டும்?

முன்னறையில் டீவிக்குப் பக்கத்தில், ஸ்டூலின் மேல் அந்த மெஷின் நேற்று சாயங்காலத்திலிருந்து ஓடிக்கொண்டிருந்தது. ஓடுகிறது என்றால் சத்தம் எதுவும் இல்லை. ஒரு சின்னச் சிவப்பு விளக்கு எரிகிறது, அவ்வளவுதான். அதன் பிளக்கில் ஒரு அட்டை தொங்கியது. "கழட்டாதே. சத்தியமா கழட்டாதே" என்று ஜார்ஜ் பெரிய எழுத்தில் எழுதிக் கட்டியிருந்தான். வீட்டில் இருப்பதே இரண்டு பேர். மகள் ஹெப்சிபா வேலூரில் நர்சிங் படிக்கிறாள். ஆக, அந்த அட்டை யாருக்கு என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. வெளியே கிளம்பும்போது வீட்டிலுள்ள பிளக்கையெல்லாம் பிடுங்கிவிட்டுப் போவது டெபோராவின் பழக்கம். பக்கத்துத் தெருவில் ஒரு வீடு ஒயர் எரிந்து போனதிலிருந்து வந்த பழக்கம் அது.

அது ஜப்பான்காரன் செய்த டிரம் மெஷின். தோசைக்கல் அகலம்தான். மேலே நாலு வரிசையில் நாலு நாலாகப் பதினாறு ரப்பர் பட்டன். ஒன்றைத் தட்டினால் பெரிய டிரம், இன்னொன்றைத் தட்டினால் தாளத்தட்டு, இன்னொன்று காங்கோ. தொண்ணூற்று எட்டில், கல்யாணமான மூன்றாம் மாசம், கப்பலில் வந்த சரக்கு என்று பர்மா பஜாரில் ஜார்ஜ் வாங்கி வந்தான். அப்போது அவன் ஒரு கச்சேரிக் குழுவில் ரிதம் வாசித்துக்கொண்டிருந்தான். கல்யாணம், காதுகுத்து, மாதா கோயில் திருவிழா, சாவு வீட்டுப் பதினாறாம் நாள் கானா என்று காசிமேட்டிலிருந்து எண்ணூர் வரை அந்தக் குழு போகாத தெரு இல்லை.

வீட்டுக்குக் கொண்டு வந்து தட்டிப் பார்த்தால், பதினைந்து பட்டன் ஜோராகப் பேசியது. பதினாறாவது கைதட்டல். அதை அமுக்கினால் பொரிகடலைப் பொட்டலம் கிழிகிற மாதிரி "ப்ஸ்" என்றது. பஜார்க்காரனிடம் திரும்பிப் போனால், கேரண்டி இல்லாத சாமானுக்குக் கேள்வி ஏது என்று கேட்டுவிட்டான். ஜார்ஜ் இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான். மூன்றாம் நாள் மெஷினோடு வந்த புத்தகத்தைப் படம் பார்த்தே படித்து, வெளிச் சத்தத்தையும் இதற்குள் பிடித்து வைக்கலாம் என்று கண்டுபிடித்தான்.

"டெபோரா, சபைல தட்டுவியே, அந்த மாறி இதுல நாலு தட்டு தட்டேன்."

டெபோராவின் கைதட்டலைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். அவள் போகிற சபையில் ஆராதனை என்றால் பாதி பாட்டு, பாதி கைதட்டல். பாட்டு சூடு பிடிக்கப் பிடிக்கப் பெண்கள் பக்கம் தட்டுவதுதான் கூரையைத் தூக்கும். அத்தனை பேர் தட்டினாலும் டெபோராவின் தட்டு தனியாகக் கேட்கும். இடது உள்ளங்கையைக் கிண்ணம் போலக் குவித்து, வலது கையின் நடு மூன்று விரலால் அதன் மேல் அறைவாள். உள்ளங்கை முழுதாகப் படாது. அதனால் சத்தம் பரவாது, ஈர வேட்டியைக் கல்லில் அடித்தது போல ஒரே இடத்தில் வெடிக்கும். பாஸ்டர் அம்மாவே, "சிஸ்டர் தட்டினா பேஸ் கிட்டார்காரன் தாளம் தப்ப மாட்டான்" என்பார். அந்தத் தட்டைத்தான் ஜார்ஜ் கேட்டான். பீரோவுக்குள் கம்பளியைத் தொங்கவிட்டு, மைக்கை உள்ளே வைத்து, இருபத்திரண்டு வயசு டெபோராவைத் தலையை உள்ளே நுழைத்துத் தட்டச் சொன்னான். சிரித்துச் சிரித்துப் பத்து முறை கெட்டுப் போயிற்று. பதினோராவது முறை வந்தது.

இருபது வருஷம் அந்தத் தட்டு ஊர் முழுக்க ஓடியது. கச்சேரியில் பதினாறாவது பட்டனை ஜார்ஜ் அமுக்கும்போதெல்லாம் கூட்டம் தானாகக் கை தட்டியது. கல்யாண வீட்டில் தட்டியது, சாவு வீட்டில் தட்டியது. சமையலறையில் நின்றபடி தெருக்கோடியில் தன் கை தட்டுவதைக் கேட்பது அவளுக்கு முதலில் வெட்கமாக இருந்தது, பிறகு பெருமையாக இருந்தது, அப்புறம் பழகிப்போனது.

இரண்டாயிரத்துப் பதினெட்டில் திருவொற்றியூரில் ஒரு டின் மூடிப் பட்டறையில் பிரஸ் மெஷின் அவளுடைய வலது கையின் நடு மூன்று விரலை எடுத்துக்கொண்டது. வேலை வேகமாக நடக்கட்டும் என்று பாதுகாப்புக் கம்பியைக் கழற்றி வைத்திருந்தார்கள். கட்டைவிரலும் சுண்டுவிரலும் மிச்சம். தட்டின் சத்தம் இருந்தது அந்த மூன்று விரலில்தான். இப்போது சபையில் எல்லோரும் தட்டும்போது அவள் கடைசி வரிசையில் முந்தானைக்குள் கையை வைத்துக்கொண்டு உதட்டை மட்டும் அசைப்பாள். யாராவது ஒரு சிஸ்டர் திரும்பிப் பார்த்து, கர்த்தர் பார்த்துக்குவார் என்பது போலத் தலையசைப்பார். அந்தத் தலையசைப்புக்குப் பயந்தே சில ஞாயிற்றுக்கிழமை அவள் காய்ச்சல் என்று படுத்துவிடுவாள்.

ஜார்ஜ் கெட்டவன் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். குழு கலைந்த பிறகு காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் லாஷிங் வேலைக்குப் போனான். கப்பலில் கண்டெய்னர் ஆடாமல் இரும்புக் கம்பி போட்டு முறுக்கிக் கட்டுகிற வேலை. ஐம்பத்திரண்டு வயசில் பாதி ராத்திரி ஷிப்டு. வீட்டுக்கு வந்தால் மீன் ஆய்ந்து கொடுப்பான், துணி துவைப்பான், அவளைக் குழம்புச் சட்டியை இறக்க விடமாட்டான். எல்லாம் செய்தான். ஒன்றைத் தவிர. அந்தக் கையை அவன் தொட்டதில்லை. தெருவில் நடந்தால் அவளுக்கு இடது பக்கம் வந்துவிடுவான். ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த முதல் வாரமே, இருபது வருஷமாகப் படுத்த இடத்தை மாற்றிக்கொண்டு கட்டிலில் சுவரோரம் போய்ப் படுத்தான். காற்று வரவில்லை என்றான். சுவரிலிருந்து எந்த ஊர்க் காற்று வருகிறதோ, தெரியவில்லை. டெபோரா கேட்கவில்லை. கேட்டு வாங்குகிற சமாசாரமா அது?

இப்போது அறிவுக்கு வருவோம். அறிவு எம்.கே.பி. நகர்க்காரன். முப்பது வயசு, பகலில் ஒரு கூரியர் ஆபீசில் வேலை, மிச்ச நேரமெல்லாம் லேப்டாப்பில் எலக்ட்ரானிக் இசை. எங்கேயோ ஒரு பழைய கல்யாண கேசட்டில் ஜார்ஜின் மெஷினைக் கேட்டுவிட்டு, ஆளைத் தேடிப் பிடித்து வீட்டுக்கே வந்துவிட்டான்.

"இப்ப வர்ற சாஃப்ட்வேர்ல சத்தமெல்லாம் ரொம்ப சுத்தமா கீதுண்ணா. ஆஸ்பத்திரி மாறி. உங்க மெஷின்ல அழுக்கு கீது. அந்த அழுக்குதான் இப்ப எல்லாருக்கும் வோணும்" என்றான்.

பதினாறு சத்தத்தையும் தனித்தனியாகப் பிடித்து லேப்டாப்பில் ஏற்றி, ஒரே மூட்டையாக இணையத்தில் போட்டுவிட வேண்டும். சாம்பிள் என்று அதற்குத் தொழிலில் பெயர். பெர்லினில் ஒருத்தன், பெங்களூரில் ஒருத்தன், வியாசர்பாடியில் ஒருத்தன் என்று யார் வேண்டுமானாலும் எடுத்துத் தங்கள் பாட்டில் போட்டுக்கொள்ளலாம். மெஷின்காரர் என்று ஜார்ஜ் பெயர் இருக்கும்.

"குறிப்பா அந்த கிளாப்புண்ணா. அந்த மாறி கிளாப் நான் எங்கயும் கேட்டதில்ல. எந்த மெஷின் சத்தம் அது?"

"மெஷின் இல்லப்பா. இவ கை" என்றான் ஜார்ஜ், மார்பு நிமிர.

டெபோரா அப்போது இடது கையால் அறிவுக்கு டீ நீட்டிக்கொண்டிருந்தாள். அறிவு அவள் வலது கையைப் பார்த்தான், பிறகு டீயைப் பார்த்தான், பிறகு எதையும் பார்க்கவில்லை. பாவம், நல்ல பையன். அவன் போன பிறகு டெபோரா சமையலறையில் நின்று, என் கையை ஊர் முழுக்கக் கொடுப்பதற்கு என்னிடம் ஒரு வார்த்தை கேட்டானா இந்த மனுஷன் என்று நினைத்தாள். நினைத்ததோடு சரி. அதைச் சொல்வதற்குக்கூட ஒரு தெம்பு வேண்டுமே.

பதினைந்து சத்தத்தையும் ஜார்ஜ் ஒரு வாரத்தில் பிடித்துவிட்டான். அதெல்லாம் மெஷினுக்குள்ளேயே பிறந்தவை. பதினாறாவது அப்படியில்லை. அது ஃபிளாப்பியில் இருந்தது. ஒவ்வொரு முறையும் ஃபிளாப்பியைப் போட்டு ஏற்ற வேண்டும். ஏற்றினால் கரண்ட் இருக்கும்வரைதான் மெஷின் அதை நினைவில் வைத்திருக்கும். கரண்ட் போனால் மறந்துவிடும். ஜார்ஜ் எட்டு ஃபிளாப்பியில் நகல் வைத்திருந்தான். ராயபுரத்து உப்புக் காற்று எட்டையும் தின்றுவிட்டது. மூன்று வாரம், ஷிப்டு முடிந்து வந்து தூங்காமல், பஞ்சும் ஸ்பிரிட்டுமாக உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் துடைத்துத் துடைத்துப் போட்டுப் பார்த்தான். மெஷின் ஒவ்வொன்றையும் கரகரவென்று கடித்துப் பார்த்துத் துப்பியது.

நேற்று சாயங்காலம் ஐந்து மணிக்கு, எட்டாவது ஃபிளாப்பி ஏறிவிட்டது. ஜார்ஜ் பதினாறாவது பட்டனை அமுக்கினான். பீரோவுக்குள் தட்டிய தட்டு. அவன் கண்ணை மூடிக்கொண்டான். ஃபிளாப்பியை வெளியே எடுத்துப் பார்த்தால் குறுக்கே கோடு விழுந்து, இனி எதற்கும் ஆகாது என்று தெரிந்தது. கீழே கம்பெனி வேன் ஹாரன் அடித்தது. வேனை விட்டால் அந்த வாரம் முழுக்க மேஸ்திரி வேலை கொடுக்க மாட்டான். ஜார்ஜ் ஒயரை எல்லாம் ஹெப்சிபாவின் பழைய லேப்டாப்போடு சேர்த்து மாட்டிவிட்டு, அட்டையைக் கட்டிவிட்டு ஓடினான். காலையில் வந்து பிடித்துக்கொள்ளலாம் என்று கணக்கு.

கணக்கு சரிதான். காலை ஏழு மணிக்கு எதிர் வீட்டு வியாகுலம்மாள் வந்து கதவைத் தட்டும்வரை.

"டெபோரா, மோட்டர் போட்டு டேங்கு ரொப்பிக்கினியா? இன்னிக்கி மாசாந்திர கட்டு. ஒம்போதுலேர்ந்து ரெண்டு வரைக்கும் கரண்ட் கெடையாது."

டெபோரா கதவைச் சாத்திவிட்டு வந்து மெஷினைப் பார்த்தாள். சிவப்பு விளக்கு சாதுவாக எரிந்துகொண்டிருந்தது. ஒன்பது மணிக்கு அது அணையும். அணைந்தால் அந்தத் தட்டு இந்த உலகத்தில் இல்லை. கேசட்டில் இருப்பதெல்லாம் நாதஸ்வரமும் கூச்சலும் கலந்த கதம்பம், அதிலிருந்து பிரிக்க முடியாது என்று அறிவே சொல்லியிருந்தான். அவள் பிளக்கைத் தொட வேண்டியதுகூட இல்லை. சும்மா இருந்தால் போதும். மின்வாரியம் பார்த்துக்கொள்ளும்.

போகட்டுமே என்றுதான் முதலில் தோன்றியது. உள்ளதைச் சொன்னால், கொஞ்சம் சந்தோஷமாகவே தோன்றியது. ஆறு வருஷமாகத் தன்னோடு போட்டி போடுகிற ஒருத்தி ஊரை விட்டுப் போகிறாள் என்பது போல. அவள் அரிசியைக் களைந்து போட்டாள்.

ஏழே முக்காலுக்கு ஜார்ஜ் போன் செய்தான். பின்னால் லாரி ஹாரன்களின் ஓலம்.

"எண்ணூர் ரோட்ல டிரெய்லர் வரிச கட்டி நிக்குது. வேன் நவுரல. வர பத்து ஆவும். மெஷினு ஓடிக்கினு கீதா?"

"கீது."

"நீ பிளக்க கழட்டலியே?"

"அட்டைதான் தொங்குதே. எனக்குப் படிக்கத் தெரியும்."

"சரி சரி. கோச்சுக்காத. வன்ட்டேன்."

அவள் கரண்ட் கட்டைப் பற்றி வாயைத் திறக்கவில்லை. போனை வைத்துவிட்டுச் சேலை மாற்றினாள். சோற்றை டப்பாவில் போட்டாள். எட்டு மணிக்குச் செருப்பை மாட்டி, கதவைப் பூட்டி, இரண்டு மாடியும் இறங்கிவிட்டாள். கீழே வந்து நின்றவளுக்குக் கால் நகரவில்லை. மூன்று வாரம் தூங்காமல் பஞ்சை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த அந்த முதுகுதான் கண் முன்னால் வந்தது. பனியனில் இரும்புக் கறை, கழுத்தில் எலும்பு. கோபம் போய்விட்டதா என்றால் போகவில்லை. ஆனால் கோபத்தை வைத்துக்கொண்டே ஒரு மனுஷனைப் பாவம் என்று நினைக்க முடிகிறது, அதுதான் பேஜாரு. அவள் தலையில் அடித்துக்கொண்டு திரும்ப மாடி ஏறினாள். பள்ளிக்கூடத்துக்குப் போன் செய்து அரை நாள் லீவு சொன்னாள். பள்ளி மேடம் நன்றாக நாலு வார்த்தை கேட்டது.

பிறகு ஜார்ஜுக்கு அடித்தாள். "ஒம்போதுக்கு கரண்ட் கட்டாம்."

லாரிச் சத்தத்துக்கு நடுவே ஜார்ஜ், "எப்ப தெரியும்?" என்றான்.

"ஏயு மணிக்கே தெரியும். அத்த அப்பால பேசலாம். இப்ப இன்னா செய்யணும், சொல்லு."

அவன் சொல்ல ஆரம்பித்தான். லேப்டாப்பைத் திற. ஹெப்சிபா பிறந்த தேதியைப் போடு. மேலே சிவப்பு வட்டம் தெரிகிறதா? அதை அமுக்கினால் பதிவு ஆரம்பிக்கும். ஸ்பீக்கரில் போனைப் போட்டு ஸ்டூலில் வைத்துக்கொண்டு டெபோரா ஒவ்வொன்றாகச் செய்தாள். மணி எட்டு முப்பத்தைந்து.

"இப்ப மெஷின்ல இடது ஓரம் ஒரு சின்ன பட்டன் கீதா? அத்த அமுக்கி புடிச்சிக்கினே இரு. கைய எடுக்காத. எடுத்தா பழைய 'ப்ஸ்' சத்தந்தான் வரும். அத்த புடிச்சிக்கினே, இந்தாண்ட பதினாறாவத தட்டு."

டெபோரா இடது கையால் ஓரத்துப் பட்டனை அமுக்கினாள். பிறகு அப்படியே நின்றாள். அது அழுத்தமான பட்டன், முழு விரலால் பிடித்தால்தான் நிற்கும். அந்தப் பக்கம் ஜார்ஜுக்கும் அது அப்போதுதான் உறைத்தது.

"ரெண்டு கை வோணும்" என்றான். அப்புறம், "வியாகுலம்மா அக்காவ கூப்புடு. அவுங்க வந்து தட்டட்டும்."

"வோணாம்."

"டெபோரா, நேரம் இல்ல."

"என் வூட்டு மெஷினு. நானே தட்றேன்."

ஆறு வருஷத்தில் அவள் அந்தக் கையால் எதையும் தட்டியதில்லை. ஒரு கதவைக்கூட. முந்தானைக்குள்ளிருந்து அதை வெளியே எடுத்து, பதினாறாவது பட்டனின் மேல் மெதுவாக வைத்தாள். தழும்பு மழமழவென்று ரப்பரில் பட்டது. தட்டினாள். பக்கத்து அறையில் யாரோ தட்டினது போல லேசாக ஒரு சத்தம் வந்தது.

"கேக்கவே இல்ல. மெதுவா தட்டுனா மெதுவாதான் வரும். ஜோரா தட்டணும்" என்றது போன்.

அவள் கையைத் தூக்கினாள். விரல் இல்லாத இடத்தை வைத்து, உள்ளங்கையின் அடிச் சதையோடு சேர்த்து, ஓங்கி ஒன்று போட்டாள்.

வந்தது. லேப்டாப் ஸ்பீக்கரிலிருந்து அந்த மூன்று விரலின் அறை, பீரோவும் கம்பளியுமாக, அப்படியே வந்தது. இல்லாத விரல் தட்டிய சத்தம், அது இருந்த இடத்தாலேயே தட்டி வந்தது. இதைப் போய்ப் போட்டிக்காரி என்றல்லவா நினைத்துக்கொண்டிருந்தோம் என்று டெபோராவுக்கு அழுகை வந்தது. அந்தப் பொண்ணுக்கு என்ன தெரியும், பாவம். பீரோவுக்குள் தலையை விட்டுக்கொண்டு சிரித்தவள்.

"இன்னும் மூணு" என்றான் ஜார்ஜ்.

மூன்று தட்டினாள். ஒவ்வொன்றும் முன்னதைவிட ஓங்கி. கை காந்தியது. ஆனால் காந்தல் வேறு, வலி வேறு. சேமிப்பதற்கு என்ன அமுக்க வேண்டும் என்று கேட்டாள். அவன் சொன்னான், செய்தாள். பெயர் கேட்டது லேப்டாப். பதினாறு என்று போட்டாள். அறிவு கொடுத்துவிட்டுப் போன பென் டிரைவிலும் ஒரு நகல் ஏற்றினாள். மணி எட்டு ஐம்பத்திரண்டு.

"ஆச்சி" என்றாள். அதற்குள் லைன் அறுந்திருந்தது. எட்டு ஐம்பத்தெட்டுக்குக் கரண்ட் போயிற்று. நம் ஊரில் கரண்ட் வருவதற்குத்தான் தாமதமாகும், போவதற்கு எப்போதும் இரண்டு நிமிஷம் முன்னால். சிவப்பு விளக்கு அணைந்தது. ஃபேன் நின்றது. டெபோரா அட்டையை அவிழ்த்து, பிளக்கைப் பிடுங்கி வைத்தாள்.

ஜார்ஜ் பத்தேகாலுக்கு வந்தான். செருப்பைக்கூடக் கழற்றவில்லை. நேராக லேப்டாப்புக்குப் போனான். ஹெட்போனை மாட்டினான், அமுக்கினான், கண்ணை மூடிக்கொண்டான். கிரீஸ் படிந்த கன்னத்தில் தண்ணீர் வழிந்தது. திரும்பத் திரும்பக் கேட்டான். டெபோரா டீ டம்ளரோடு அவன் எதிரில் நின்றாள். எவ்வளவு நேரம் நின்றாள் என்றால், டீயில் ஆடை படிந்துவிட்டது.

"ஹெட்போன கழட்டு" என்றாள்.

அவனுக்குக் கேட்கவில்லை. அவளே கழற்றினாள்.

"இங்க பாரு. அத்த எடுத்தது யாரு? கேட்டியா நீ? கை நோவுதா, எப்பிடி தட்டுனன்னு ஒரு வார்த்த? ஆறு வருசம் ஆவுது. இந்தக் கைய நீ ஒரு நாளு தொட்டதில்ல, தெரிமா? அந்த டப்பாக்குள்ள கீற கைய கண்ண மூடிக்கினு கேக்கற. இது கண்ணு முன்னாடி கீது, இத்த பாக்க மாட்ட."

குரலை உயர்த்தவில்லை அவள். உயர்த்தத் தெம்பில்லை. ஜார்ஜ் இல்லை என்று சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவள் அந்த டீயை அவன் தலையில் ஊற்றியிருப்பாள்.

"வலிக்குமோன்னு…" என்றான்.

"மொத வருசம் வலிச்சுது. அப்பால இல்ல. கேட்டிருந்தா சொல்லிருப்பேன்."

அவன் தரையைப் பார்த்தான். "அந்தப் பட்டறைல உன்ன சேத்துவுட்டது நாந்தான்" என்றான்.

"ஆமா, நீதான். கம்பிய கழட்டுனது அந்த மொதலாளி. ரெண்டும் ஒண்ணில்லன்னு நான் எப்பவோ முடிவு பண்ணிட்டேன். உனக்கு இன்னும் ஆவல."

ஃபேன் இல்லாத அறையில் வியர்த்துக் கொட்டியது. பிறகு ஜார்ஜ் லேப்டாப்பைப் பார்த்து, "இத்த அறிவுக்கு அனுப்பட்டுமா, வோணாமா? நீ சொல்லு" என்றான். கேட்க வேண்டிய கேள்விதான். ஒரு மாசம் தள்ளிக் கேட்டான்.

டெபோரா யோசித்தாள். வேண்டாம் என்று சொல்லத்தான் காலையிலிருந்து காத்திருந்தாள்.

"அனுப்பு" என்றாள். "அது அந்தச் சின்னப் பொண்ணு கை. எங்க வோணாலும் போயி தட்டிக்கட்டும், நல்லாருக்கட்டும். ஆனா வூட்டுல அவ வோணாம். வூட்டுல நான் கீறேன்."

ஜார்ஜ் லேப்டாப்பை மூடினான். கம்பி முறுக்கி முறுக்கிக் காய்த்துப் போன தன் இடது உள்ளங்கையை அவள் முன் நீட்டி, கிண்ணம் போலக் குவித்தான்.

"தட்டு."

"எதுக்கு?"

"சொம்மா தட்டேன்."

அவள் தட்டினாள். மழமழத்த தழும்பு காய்ப்பில் பட்டு, மாவுப் பை விழுந்தது போலத் "தொப்" என்றது. கேட்க நன்றாகவே இல்லை. எந்தப் பாட்டிலும் போட முடியாத சத்தம்.

"இன்னொண்ணு" என்றான். இன்னொன்று தட்டினாள். மூன்றாவது தட்டில் அவன் கையை மூடிக்கொண்டான். அவள் கை உள்ளே மாட்டிக்கொண்டது. கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் நடுவில் இருந்த வெறும் இடத்தையும் அவன் தன் கட்டைவிரலால் ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தான். இருட்டில் பொருள் தேடுகிறவன் போல மெதுவாகத் தடவினான்.

மெஷினில் விளக்கு இல்லை, லேப்டாப் மூடிக் கிடந்தது. அந்த மூன்று தட்டையும் எதுவும் பிடித்து வைக்கவில்லை. பகலும் ராத்திரியுமாகத் தூங்காத மனுஷன், சுவரில் சாய்ந்து உட்கார்ந்தபடியே கொஞ்ச நேரத்தில் தூங்கிப் போனான். கையை மட்டும் விடவில்லை. டெபோராவுக்குத் தோள்பட்டை வரை மரத்துப் போயிற்று. பன்னிரண்டு மணிக்கு அவள் பள்ளிக்கூடத்தில் இருக்க வேண்டும். அவள் கையை எடுக்கவில்லை.